சுண்ணாம்புக்கல் ரயிலில் இருபத்துமூன்று கிலோமீற்றர்

செவ்வாய்க்கிழமை காலை 5.40. ஜேர்மனியில், ஹம் ரயில் நிலையத்தில் பால் கோப்பி ஒன்று இரண்டு யூரோ தொண்ணூறு சதம். குடிக்க மனமில்லை, ஒக்ரோபர்க் குளிருக்குக் கையில் சூடாக இருக்கட்டும் என்று வாங்கினேன்.

எங்கள் சனம் ஊர்சுற்றப் போனால் லூர்து மாதா, ரோமாபுரி, கொஞ்சம் வசதியென்றால் சுவிஸ் மலை என்று போய்வந்து படத்தோடு எழுதும். நான் எழுதப்போவது சுண்ணாம்புக்கல் ஏற்றும் சரக்கு ரயிலில் போய்வந்த கதை. சிரிக்கிறவர்கள் இப்போதே சிரித்துவிட்டு வாருங்கள். கம்பனியின் பெயரை எழுதக்கூடாது என்பது எங்கள் வீட்டுக்காரரின் கட்டளை. அவர் அங்கே ரயில் ஓட்டுநர். ஹம், சோஸ்ற் தவிர வழியில் வரும் மற்ற ஊர்ப் பெயர்களெல்லாம் நானே வைத்தவை. இன்னொன்றையும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நான் கல்லைப் பார்க்கவும் போகவில்லை, காட்டைப் பார்க்கவும் போகவில்லை. என் அண்ணையின் குரலைக் கேட்கப் போனேன்.

அன்ரன் அண்ணைக்கும் அதே ரயில்பாதையில்தான் வேலை. அவர் அங்கே சூக்லைற்றர். அதாவது, பாதையில் எந்த ரயில் எங்கே நிற்கிறது, எது எதுவரை போகலாம் என்று ஒரு மேசையில் இருந்துகொண்டு சொல்கிறவர். அந்தப் பாதையில் சிக்னல் விளக்குகள் இல்லை. ஒவ்வொரு நிலையத்திலும் ஓட்டுநர் வண்டியை நிறுத்தி, ரேடியோவில் கூப்பிட்டு, அடுத்த நிலையம் வரை போகலாமா என்று கேட்க வேண்டும். அண்ணை போகலாம் என்றால்தான் சில்லு உருளும். என் புருஷன் யேசுதாசன் இப்படி ஒரு நாளைக்கு ஆறு தடவை என் அண்ணையோடு பேசுகிறார். நான் ஒன்பது வருடமாகப் பேசவில்லை. ஏன் என்று பிறகு சொல்கிறேன், அதைச் சொல்லவேண்டிய இடம் பாதையிலேயே இருக்கிறது.

இந்த மாதம் முடிய அண்ணைக்குப் பென்ஷன். லண்டனில் மகளோடு போய் இருக்கப்போகிறார் என்று வேறு ஆட்கள் சொல்லித்தான் எனக்குத் தெரியவந்தது. அவர் இங்கே லிண்டன் நிலையத்து மேசையில் இருக்கும் மட்டும், பேசாவிட்டாலும் பக்கத்தில்தானே இருக்கிறார் என்று ஒரு தைரியம் இருந்தது. இனி அதுவும் இல்லை.

ஓட்டுநரோடு வீட்டு ஆள் ஒருவர் வருடத்துக்கு ஒருதரம் ரயில் இயந்திரத்தில் ஏறிப் போகலாம். அதற்கு அன்ராக், அதாவது விண்ணப்பம், எழுதிக் கொடுக்க வேண்டும். நான் கேட்டபோது இவர் முகத்தை முழ நீளத்துக்கு நீட்டினார்.

"சரக்குக் கோச்சி என்ன பெருநாள் ஊர்வலமே, ஏறிக்கொண்டு திரிய?"

"உங்கடை கோச்சியை ஆர் பார்க்க வாறது? நான் அண்ணையின்ரை குரலைக் கேக்க வாறன்."

அடுத்த நாள் வேலையால் வந்ததும் அன்ராக் படிவத்தைக் குசினி மேசையில் வைத்தார். பேனையையும் பக்கத்தில் வைத்தார்.

காலை 7.20. சோஸ்றில் மாறி லிண்டனில் இறங்கினேன். இவர் இருட்டோடேயே காரில் வந்து வேலை தொடங்கிவிட்டார். பெரிய ரயில்பாதைக்குரிய இரண்டு மேடைகள் ஒழுங்காக, கண்ணாடிக் கூரையோடு இருக்கின்றன. எங்கள் பாதை அவற்றுக்குப் பின்னால், புல் முளைத்த தண்டவாளங்களோடு கிடக்கிறது. பழைய செங்கல் நிலையக் கட்டடத்தின் மேல்மாடியில் ஒரு சன்னலில் மட்டும் விளக்கு எரிந்தது. அதுதான் அண்ணையின் அறை என்று எனக்குத் தெரியும். நேரே அதன் கீழால் நடந்தால் இரண்டு நிமிடம். கள்ளி மாதிரிச் சைக்கிள் கொட்டகையைச் சுற்றி நடந்து ஆறு நிமிடத்தில் இயந்திரக் கொட்டகைக்குப் போய்ச் சேர்ந்தேன்.

அங்கே ஸ்ரெஃபி நின்றாள். பெட்டிகளைக் கொழுவுவதும் கழற்றுவதும், தடம் மாற்றுவதும் அவள் வேலை. முப்பத்தைந்து வயதிருக்கும், கை இரண்டும் மரக்கொப்புப் போல. எனக்கு ஒரு மஞ்சள் சட்டையும் தலைக்கவசமும் தந்தாள். அவள் பேசியது ஜேர்மன், தமிழில் தருகிறேன்.

"மைத்துனர்கள் இரண்டு பேருக்கும் நடுவில் இருக்கிற பெண் நீங்கள்தானா?" என்றாள். "நான் இங்கே வந்து ஒரு வருடம்வரை அவர்கள் ஒருவரையொருவர் தெரியாதவர்கள் என்றுதான் நினைத்தேன். ரேடியோவில் அவ்வளவு மரியாதை!"

சிவப்பு டீசல் இயந்திரம் என்னைவிட இரண்டு வயது மூத்தது என்று இவர் சொன்னார். ஏணிப்படி செங்குத்து. ஏறும்போது என் முழங்கால்கள் இரண்டும் மாதாவைக் கூப்பிட்டன. முதியோர் இல்லத்தில் இருபது வருடமாக மற்றவர்களைத் தூக்கி நிமிர்த்துகிற எனக்கு, அன்றைக்கு ஸ்ரெஃபி பின்னால் நின்று தள்ளிவிட வேண்டியிருந்தது. உள்ளே எண்ணெயும் பழைய கோப்பியும் மணத்தது. ஓட்டுநருக்கு ஒரு கதிரை, உதவியாளுக்கு ஒன்று. எனக்கு மூலையில் மடக்குக் கதிரை.

காலை 8.10. பின்னால் பதினான்கு வெறும் பெட்டிகள். இவர் ரேடியோவின் கைபிடியை எடுத்தார். எடுக்க முதல் தொண்டையைச் செருமினார். வீட்டில் கூட அப்படிச் செருமி நான் கண்டதில்லை. ரேடியோவில் ஜேர்மன் மட்டும்தான் பேசவேண்டும், அதையும் தமிழில் தருகிறேன்.

"லிண்டன் சூக்லைற்றர், இது பன்னிரண்டாம் ரயில். பணியாளர் இரண்டு, கூடப் பயணிப்பவர் ஒருவர். பன்னிரண்டாம் ரயில் மூலன்பாக் வரை ஓடலாமா?"

இரைச்சல். பிறகு அந்தக் குரல்.

"பன்னிரண்டாம் ரயில் மூலன்பாக் வரை ஓடலாம்."

இவர் அந்த வசனத்தை அப்படியே திருப்பிச் சொன்னார். அண்ணை "ரிஷ்ரிக்" என்றார். ஜேர்மனில் சரியென்று அர்த்தம். அவ்வளவுதான்.

ஐயோ, என்னத்தைச் சொல்ல? குரல் கொஞ்சம் தடித்திருந்தது. வசனத்தின் முடிவில் மூச்சை இழுக்கிற பழக்கம் மட்டும் அப்படியே இருந்தது. நான் சால்வையால் வாயைப் பொத்திக்கொண்டேன். ஸ்ரெஃபி சன்னலுக்கு வெளியே பார்த்தாள். இவர் வண்டியை எடுத்தார்.

லிண்டனிலிருந்து மூலன்பாக் பதினொரு கிலோமீற்றர். வேகம் மணிக்கு முப்பது; வளைவுகளில் இருபது. சைக்கிளில் போகிறவன் ஒருவன் எங்களை முந்திக்கொண்டு போய்க் கையும் காட்டினான். பாதை சோளக்காட்டுக்குள்ளால் போய், ஒரு தளபாடக் கடையின் கார் தரிப்பிடத்தை உரசிக்கொண்டு, காட்டுக்குள் ஏறுகிறது. தடுப்புக் கம்பி இல்லாத தெருக்கடவை வரமுன் இவர் ஊதுவார். பிரதான தெருவை வெட்டுகிற ஓரிடத்தில் வண்டி முழுதாக நிற்க, ஸ்ரெஃபி சிவப்பு வெள்ளைக் கொடியோடு இறங்கி நடுத்தெருவில் நின்று கார்களை மறித்தாள். முன்னால் நின்ற காரில் இருந்தவர் கைக்கடிகாரத்தைக் காட்டிக் கத்தினார். ஸ்ரெஃபி தன் கையில் இல்லாத கடிகாரத்தை அவருக்குக் காட்டினாள்.

இவருக்கு வீட்டில் வாயைத் திறக்க ஆயிரம் தெண்டிப்பு வேண்டும். பாதையைப் பற்றிக் கேட்டால் மட்டும் மடை திறந்த மாதிரி. நூறு வருடத்துக்கு மேலான பாதையாம். மலையில் இருக்கும் சுண்ணாம்புக்கல்லைக் கீழே கொண்டுவரச் சுற்றுவட்டத்துக் கிராமங்கள் சேர்ந்து போட்டது. கல்லோடு சனமும் போய் வந்தது. பீற்கிழங்கும் பன்றியும் போய் வந்தன. பிறகு பஸ் வந்தது, சனம் பஸ்ஸுக்குப் போயிற்று. லொறி வந்தது, கிழங்கும் பன்றியும் லொறிக்குப் போயின. கல் மட்டும் ரயிலை விடவில்லை. இடையில் வண்டு அரித்துக் காட்டு மரமெல்லாம் செத்தபோது, வெட்டிய மரத்தை ஏற்றி முடியாமல் இரவும் பகலும் ஓடினார்களாம். இப்போது அந்த மரமும் முடிந்துவிட்டது. சன்னலால் பார்த்தேன். மலைச்சரிவு முழுக்க வெறும் அடிக்கட்டைகள், இடையிடையே இடுப்பளவு புதுக்கன்றுகள்.

"இதெல்லாம் உங்களுக்கு ஆர் சொன்னது?" என்று கேட்டேன்.

"மச்சான்தான்," என்றார். "வேலை பழக்கேக்கை சொன்னவர்."

காலை 8.50. மூலன்பாக். இங்கேதான் சொல்ல வேண்டும்.

பழைய நிலையக் கட்டடம் இப்போது மிருக வைத்தியரின் இடம். ஒரு கிழவி நாயைத் தூக்கிக்கொண்டு வாசலில் நின்றார். தண்டவாளம் இங்கே இரண்டாகப் பிரிந்து திரும்பச் சேர்கிறது, எதிரெதிரே வரும் ரயில்கள் விலகிப் போக. நிலையத்துக்கு முன்னால் வெள்ளைத் தகடு ஒன்று கம்பத்தில் நிற்கிறது. மேலே அகலம், கீழே ஒடுக்கம். அந்தத் தகட்டில் நின்று, உத்தரவு கேட்ட பிறகே உள்ளே வரவேண்டும்.

அண்ணைதான் எங்களில் முதலில் ஜேர்மனிக்கு வந்தவர். இந்தக் கம்பனியில் புல்லு வெட்டுகிற வேலையில் தொடங்கி ஓட்டுநரானார். நான் கலியாணம் முடித்து வந்தபோது, மீன் பெட்டி அடுக்கிக்கொண்டிருந்த இவரைக் கூட்டிப்போய் அவுஸ்பில்டுங்கில், அதாவது ஓட்டுநர் தொழிற்பயிற்சியில், சேர்த்தவரும் அவர்தான். பக்கத்தில் இருத்தி, ஒவ்வொரு தகடும் ஒவ்வொரு விதியும் சொல்லிக் கொடுத்தார். ஞாயிற்றுக்கிழமைகளில் எங்கள் வீட்டில் ஆட்டிறைச்சிக் கறியோடு இரண்டு பேரும் பிரேக்கைப் பற்றிக் கதைப்பார்கள். எனக்கு அலுப்பாக இருக்கும். இப்போது அந்த அலுப்புக்கு ஏங்குகிறேன்.

ஒன்பது வருடத்துக்கு முன் ஒரு மத்தியானம், இவர் இந்த நிலையத்தில் மரப் பெட்டிகளோடு நின்றார். அண்ணை மேலேயிருந்து கல் ஏற்றிக்கொண்டு வந்தார். தகட்டில் நிற்கவில்லை. என்ன யோசனையோ, நேரே உள்ளே வந்துவிட்டார். தடம் இவர் நின்ற பக்கம் திரும்பியிருந்தது. கண்டதும் பிரேக்கைப் போட்டார். இருநூறு மீற்றர் இருக்க வண்டி நின்றது. ஒருவருக்கும் ஒரு கீறல் கூட இல்லை.

அண்ணை இறங்கி வந்து சொன்னாராம், "மச்சான், விடு. ஒருத்தருக்கும் தெரியாது."

இவர் விடவில்லை. அன்று பின்னேரமே எழுதிக் கொடுத்தார். விசாரணை நடந்தது. அண்ணையை வேலையை விட்டு நிறுத்தவில்லை. சில மாதம் ஓட்டக்கூடாது என்றார்கள். அந்தச் சில மாதம் முடிந்தபோது இனி ஏறமாட்டேன் என்று அண்ணையே சொல்லிவிட்டு மேசை வேலைக்குப் படித்தார். அந்த நாட்களில் ஒரு முறை எனக்கு ரெலிபோன் எடுத்தார்.

"உன்ரை மனுசன் என்னைக் காட்டிக் குடுத்திட்டான். நீ என்ன சொல்லுறாய்?"

"அவர் செய்தது சரிதான், அண்ணை," என்றேன்.

வைத்துவிட்டார். அதற்குப் பிறகு பேச்சே இல்லை. தமிழ்ப் பூசைக்கு வேறு ஊருக்குப் போகத் தொடங்கினார். ஆவணியில் கேவலார் மாதா கோயில் யாத்திரைக்குப் போனால், சனத்துக்குள்ளே அவருடைய தலை தெரியும். எங்களைக் கண்டதும் மற்றப் பக்கம் திரும்பும். இருநூறு மீற்றர் இல்லாமல் போயிருந்தால் எனக்குப் புருஷனும் இல்லை, அண்ணையும் இல்லை. அதனால் நான் சொன்னது சரிதான், இன்றைக்குக் கேட்டாலும் அதைத்தான் சொல்வேன். ஆனால் அந்தச் சரியைக் கட்டிப்பிடித்துக்கொண்டா நத்தார்ப் பெருநாள் கொண்டாடுவது?

தகட்டில் வண்டி நின்றது. இவர் கூப்பிட்டார், கேட்டார், திருப்பிச் சொன்னார். "ரிஷ்ரிக்" வந்தது. உள்ளே போனோம். நிலையத்தில் நின்று, வந்து சேர்ந்ததைச் சொல்லி, மிச்சப் பன்னிரண்டு கிலோமீற்றருக்கும் உத்தரவு வாங்கினார். ஒரு சொல் கூடவும் இல்லை, குறையவும் இல்லை. கோயிலில் மன்றாட்டுச் சொல்வது போல் இரண்டு பேரும் மாறி மாறிச் சொன்னார்கள். நான் ஒவ்வொரு தடவையும் அடுத்ததாக ஏதாவது வருமா என்று காதை நீட்டிக்கொண்டிருந்தேன்.

காலை 9.40. ஸ்ரைன்றோட், பாதையின் முடிவில் இருக்கும் கல்லுடைக்கும் இடம். மலையை அப்பிளைக் கடித்த மாதிரிக் கடித்து வைத்திருக்கிறார்கள். அப்படியொரு வெள்ளை. மரம், கூரை, சைக்கிள், காவலாளியின் தொப்பி எல்லாவற்றிலும் மா பூசினாற்போல் தூசி. மேலே இருக்கும் பெரிய புனலுக்குக் கீழே பெட்டிகள் ஒவ்வொன்றாக நகர, கல் கொட்டுகிறது. ஒரு பெட்டிக்குப் பத்து நிமிடம் வரை. காது அடைத்துவிட்டது. இந்தக் கல் உருக்காலைக்குப் போகிறதாம். ஒரு ரயிலில் போவதை ஏற்ற எத்தனை லொறி வேண்டும் என்று இவர் விரல் மடித்துக் கணக்குச் சொல்லத் தொடங்கினார்; நான் வீட்டில் பொரித்துக் கொண்டுவந்த ரோல்ஸ் பெட்டியைத் திறந்து அவர் வாயை அடைத்தேன்.

ஸ்ரெஃபி மூன்று ரோல்ஸ் சாப்பிட்டாள். மிளகாய் கடித்துக் கண்ணால் தண்ணீர் ஓட, நான்காவதையும் எடுத்தாள்.

"நீங்கள் ஏன் மேலே போய் அவரோடு கதைக்கக்கூடாது?" என்று கேட்டாள்.

"அவர் கதைக்க மாட்டார்."

"கேட்டுப் பார்த்தீர்களா?"

கேட்கவில்லை. ஒன்பது வருடத்தில் ஒருதரம் கூட நான் போய்க் கதவைத் தட்டவில்லை. அவர்தானே ரெலிபோனை வைத்தவர், அவரே எடுக்கட்டும் என்று இருந்தேன். எனக்கும் அந்த வீட்டுப் பிடிவாதம்தானே.

இயந்திரத்தைக் கழற்றி, பக்கத்துத் தடத்தால் சுற்றி, மற்ற நுனியில் கொழுவினார்கள். ஸ்ரெஃபி பெட்டிகளுக்கு இடையில் குனிந்து நுழைந்து அந்தப் பாரமான கொழுக்கியைத் தூக்கிப் போட்டு முறுக்கினாள். பிறகு பதினான்கு பெட்டிகளின் நீளத்துக்கும் நடந்து, ஒவ்வொரு சில்லிலும் பிரேக் பிடிக்கிறதா, விடுகிறதா என்று பார்த்தாள். போக ஒருதரம், வர ஒருதரம். காலையில் வெறும் பெட்டிகளோடும் இதையேதான் செய்தாள். இந்தப் பாதையில் ஒன்றையும் நம்பி விடுவதில்லை. எல்லாவற்றையும் பார்த்து, சொல்லி, திருப்பிச் சொல்லித்தான் நகர்கிறார்கள்.

மத்தியானம் 12.35. திரும்பும் பயணம்; இப்போது எங்கள் ரயிலின் இலக்கம் பதின்மூன்று. கல் ஏறியதும் வண்டியின் குணமே மாறிவிட்டது. இறக்கம் முழுக்கப் பிரேக்கில் இறங்கினோம், இரும்பு காய்ந்த மணம் உள்ளே வந்தது.

மத்தியானம் 1.20. மூலன்பாக்கில் நின்றோம். வைத்தியரிடம் நாய்கள் குரைத்துக்கொண்டிருந்தன. இவர் கைபிடியை எடுத்தார்.

"பதின்மூன்றாம் ரயில் லிண்டன் வரை ஓடலாமா?"

"பதின்மூன்றாம் ரயில் லிண்டன் வரை ஓடலாம்."

"திருப்பிச் சொல்கிறேன்: பதின்மூன்றாம் ரயில் லிண்டன் வரை ஓடலாம்."

"ஓம், சரி."

ரேடியோவில் தமிழ்! நான் கதிரையால் எழும்பிவிட்டேன், மடக்குக் கதிரை பின்னால் விழுந்தது. ஸ்ரெஃபிக்கு ஒன்றும் விளங்கவில்லை. எங்கள் இரண்டு பேரின் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தாள். இவர் கைபிடியைப் பிடித்தபடி அசையாமல் இருந்தார். பிறகு, மாதாவே, இந்த மனுசன் என்ன செய்தார் தெரியுமா? பொத்தானை அமத்தி, "பிற்ற வீடர்ஹோலன்," என்றார். தயவுசெய்து திரும்பச் சொல்லவும்.

இரைச்சல் மட்டும் கேட்டது. நாய்கள் குரைத்தன. நான் மூன்று அருள்நிறைந்த மந்திரம் சொல்லும் அளவுக்கு நேரம் போயிருக்கும்.

"ரிஷ்ரிக்," என்றது அண்ணையின் குரல். கல் மாதிரி.

வண்டி புறப்பட்டது. எனக்கு நெருப்பு ஏறிவிட்டது.

"உங்களுக்கு விசரே? ஒன்பது வருசத்துக்குப் பிறகு அந்த மனுசன் வாயாலை ஒரு ஓம் வந்தது. அதைத் திருப்பி அனுப்பிப்போட்டியளே!"

"அந்தச் சொல்லோடை வண்டி எடுக்க ஏலாது. விதி அது."

"விதியாம் விதி! கொண்டுபோய்க் கொழுத்துங்கோ உங்கடை விதியை!"

"றீற்றா, நீர் கொஞ்சம் இரும். முன்னாலை கடவை வருது."

ஊதினார். கடவை கடந்தது. இன்னொரு கடவையும் கடந்தது. நான் அவரைப் பார்க்காமல் அடிக்கட்டைகளை எண்ணிக்கொண்டிருந்தேன். அழுகை வேறு வந்து தொலைத்தது. சோளக்காடு தொடங்கிய இடத்தில் இவர் பாதையைப் பார்த்தபடியே பேசினார்.

"விதிதான். ஆனா அது மட்டுமில்லை. அவர் திரும்பவும் ஓம் எண்டு சொல்லுவார் எண்டு நினைச்சன்."

எனக்கு விளங்கவில்லை. "என்ன?"

"இன்னொருக்கால் கேக்க வேணும் போல இருந்தது, றீற்றா. அவ்வளவுதான். அவர் நான் பிழை பிடிச்சன் எண்டு நினைச்சிட்டார்."

கண்ணைத் துடைக்கவில்லை. ஓட்டும்போது கையை எடுக்கக்கூடாதாம். கண்ணீர் கன்னத்தில் இறங்கி மீசையில் நின்றது. வேலைக்குப் போய் வந்து, சாப்பிட்டு, செய்தி பார்த்து, படுக்கிற இந்த மனுசன், ஒரு நாளைக்கு ஆறு தடவை தொண்டையைச் செருமிக்கொண்டு எதற்குக் காத்திருந்தார் என்று எனக்கு அப்போதுதான் தெரிந்தது. நான் வீட்டில் இருந்து ஏங்கினேன். இவர் கைபிடியைப் பிடித்துக்கொண்டு ஏங்கியிருக்கிறார். அதையும் ஒருவருக்கொருவர் சொல்லாமல் ஒரே வீட்டில் ஒன்பது வருடம் சோறு தின்றிருக்கிறோம்.

பிற்பகல் 2.05. லிண்டன். வந்து சேர்ந்ததை இவர் சொன்னார். அண்ணை திருப்பிச் சொன்னார். இரண்டு பேரின் குரலிலும் ஒன்றும் இல்லை. ஸ்ரெஃபி இறங்கி இயந்திரத்தைப் பெட்டிகளிலிருந்து கழற்றினாள். பின்னேரம் பெரிய மின்சார இயந்திரம் வந்து கல்லை எடுத்துக்கொண்டு போகும். நானும் இறங்கினேன். தலைக்கவசத்தை ஸ்ரெஃபியிடம் கொடுத்துவிட்டு, சைக்கிள் கொட்டகைப் பக்கம் போகாமல், நேரே நிலையக் கட்டடத்துக்கு நடந்தேன். ஸ்ரெஃபி பின்னாலேயே வந்தாள்.

சன்னலுக்குக் கீழே நின்று, சந்தையில் கூப்பிடுகிற மாதிரிக் கூப்பிட்டேன். "அண்ணை!"

சன்னல் திறந்தது. தலை முழுக்க வெள்ளை. மூக்குக்கண்ணாடி நெஞ்சில் தொங்கியது. வயது போய்விட்டது என் அண்ணைக்கு.

"மேலை வரேலாது. வேலை நேரத்திலை இஞ்சை வெளியாக்கள் ஏறப்படாது," என்றார்.

ஒன்பது வருடத்துக்குப் பிறகு என் கூடப்பிறந்தவர் எனக்குச் சொன்ன முதல் வசனம் இது. எனக்கு வாய்த்த ஆண்பிள்ளைகள் இரண்டு பேரும் இப்படித்தான்.

"நான் ஏற வரேல்லை. நான்தான் கோச்சியிலை வந்தனான்."

"தெரியும். உன்ரை பேர் போட்ட காகிதம் வெள்ளிக்கிழமையே என்ரை மேசைக்கு வந்திட்டுது." சன்னல் விளிம்பைக் கையால் தடவினார். "காலமையிலை இருந்து அவன் கூப்பிடுறான். ஒவ்வொருக்காலும் பக்கத்திலை நீ இருக்கிறாய், நீ கேட்டுக்கொண்டிருக்கிறாய் எண்டு யோசிச்சன். வாயிலை வந்திட்டுது. உடனை பிழை பிடிச்சுப்போட்டான். அண்டைக்கும் பிழை, இண்டைக்கும் பிழை."

"இல்லை அண்ணை. அவர் இன்னொருக்கால் கேக்க ஆசைப்பட்டவர்."

"ஆர் சொன்னது?"

"அவர்தான். அழுதுகொண்டு சொன்னவர். ஸ்ரெஃபியைக் கேளுங்கோ."

ஸ்ரெஃபிக்குத் தமிழ் தெரியாது. தன் பெயர் கேட்டதும் பெரிதாகத் தலையாட்டினாள்.

எனக்கு இனிப் பொறுக்க முடியவில்லை. "அண்டைக்கு நான் சொன்னதை மாத்த மாட்டன், அண்ணை. அது சரிதான். ஆனா உங்களை விட்டிட்டு இருக்க என்னாலை ஏலாமக் கிடக்கு. லண்டனுக்குப் போறதெண்டால் எனக்குச் சொல்லிப்போட்டுப் போங்கோ. என்ரை வீட்டிலை ஒரு நேரம் சாப்பிட்டிட்டுப் போங்கோ."

அவர் வாயைத் திறந்தார். அதற்குள் முதுகுக்குப் பின்னால் ரேடியோ இரைந்தது. தொண்டையைச் செருமும் சத்தம் கீழே எனக்கே கேட்டது.

"லிண்டன் சூக்லைற்றர். தனி இயந்திரம் கொட்டகை வரை போகலாமா?"

அண்ணை என்னைப் பார்த்தபடியே கையைப் பின்னால் நீட்டிக் கைபிடியை எடுத்தார்.

"ஓம்," என்றார்.

முந்நூறு மீற்றருக்கு அப்பால் சிவப்பு இயந்திரம் புகைத்துக்கொண்டு நின்றது. உள்ளே இருக்கிற மனுசனின் தலை மட்டும் தெரிந்தது. பிறகு இவர் குரல் வந்தது.

"பிற்ற வீடர்ஹோலன்."

அண்ணையின் தோள்கள் குலுங்கின. சிரிக்கிறாரா அழுகிறாரா என்று கீழேயிருந்து பார்க்க எனக்குத் தெரியவில்லை.

"ஓம், மச்சான்," என்றார். "ஓம். ஓம். எத்தினை தரம் வேணும் உனக்கு?"

இயந்திரம் அசையவில்லை. ஒரு நிமிடம் போயிற்று. "ஏன் போகாமல் நிற்கிறார்?" என்று ஸ்ரெஃபி கேட்டாள். எனக்குத் தெரியும், மேலே நிற்கிற அண்ணைக்கும் தெரியும். பழக்கி விட்டவரே அவர்தானே. முகத்தைச் சட்டைக் கையால் துடைத்தார், மூக்குக்கண்ணாடியைப் போட்டார், முழு வசனத்தையும் ஜேர்மனில் சொன்னார். இவர் அதைத் திருப்பிச் சொன்னார். "ரிஷ்ரிக்," என்றார் அண்ணை. அதன் பிறகுதான் அந்த விசர் மனுசன் பிரேக்கை விட்டார்.